கட் சொன்ன பிறகு

க்லெப் எடுத்ததையெல்லாம் வெட்டியவள் நான்.
முப்பத்தோரு ஆண்டு.
அதில் ஒன்பது ஆண்டு அவன் மனைவி,
மிச்சம் முழுக்க எடிட்டர்.

இயக்குநர் கட் என்ற பிறகும்
அவன் கேமரா நாலைந்து நொடி ஓடும்.
ஃபிலிமை மீட்டர் கணக்கில் அளந்து கொடுத்த காலம்,
லெனின்கிராத் ஸ்டூடியோவின் கணக்கர்
வீண்செலவு என்று தாளில் சிவப்பாய்க் கோடிழுப்பார்.
அவனுக்குக் காது கேட்காது.
அந்த நொடிகளில்
இளவரசி மூக்கைச் சிந்துவாள்,
மாண்ட சிப்பாய் எழுந்து
இடுப்பு வாரைத் தளர்த்துவான்,
குதிரை மட்டும்
இன்னும் நடித்துக்கொண்டிருக்கும்.
கத்தரித்துக் கூடையில் போடுவேன்.
கூடை நிறைய அவன்.

முதல் படம் மூர்மன்ஸ்கில். துருவ இரவு.
நாளுக்கு நாற்பது நிமிடம் நீலமாய் ஏதோ கசியும்.
அதற்காக மீதி நேரம் முழுக்க
டப்பா மீனும் சீட்டாட்டமும்.
கேமராவுக்குள் எண்ணெய் இறுகிப்போகும்,
தன் ஆட்டுத்தோல் கோட்டை அதற்குப் போர்த்திவிட்டு
இவன் குதிப்பான், சூடேற.
எனக்கு வந்த கடிதத்தில் ஒரே வரி:
இன்று வெளிச்சம் கிடைத்தது.
சம்பளம் கிடைத்ததா என்று
கடைசிவரை எழுதவில்லை.

படத்துக்கு ஒரு பட்டயம் வந்தது.
பின்னாளில் எங்கள் குளியலறைச் சுவரில்
ஈரம் பூத்த இடத்தை அது மறைத்தது.

அப்புறம் ஊரின் பெயர் மாறிற்று.
ஸ்டூடியோவின் மூன்றாம் தளத்தில்
சோபா விற்றார்கள்.
ஒரு நாள் முழுக்க
ஒரு கரண்டி மயோனைஸுக்கு
க்லெப் விளக்கு வைத்தான்.
அந்தப் பணத்தில் எனக்கொரு ஜோடி பூட்ஸ்,
விவாகரத்து முடிந்து
எட்டு மாதம் கழித்து.

பிறகு தொலைக்காட்சி.
துப்பறியும் தொடர், நூற்று நாற்பத்திரண்டு பகுதி,
பகுதிக்கொரு பிணம்.
மேலே ட்யூப் லைட், கீழே ட்யூப் லைட்,
நாயகனின் தாடையில் ஒரு பளபளப்பு, அவ்வளவுதான்.

லிதியா கார்பவ்னா ஐந்து தடவை செத்தார்.
ஒருமுறை கால்வாயில், ஒருமுறை லிஃப்டில்,
விக் மாற்றி மாற்றி.
டிராம் ஓட்டி ஓய்வுபெற்றவர்.
ஒன்றரை நிமிடம் மூச்சடக்குவார் என்பதால்
அவருக்குக் கூலி கொஞ்சம் கூட.
ஐந்தாம் தடவை பிணவறை.
க்லெப் எல்லா விளக்கையும் அணைக்கச் சொன்னான்.
ஒரே விளக்கு, இடப்பக்கம்,
குறுக்கே ஒரு பழைய படுக்கை விரிப்பு.
எடிட் மேசையில் பார்த்ததும் எனக்குத் தெரிந்துவிட்டது:
மூர்மன்ஸ்க் நீலம்.

தயாரிப்பாளர் போனில் எரிந்து விழுந்தார்:
"பிணம் நாயகனைவிட அழகாய் இருக்கிறது, வெட்டு."
வெட்டினேன். இரண்டு நொடி மிஞ்சியது.

ஆனால் கட் சொன்ன பிறகு
கிழவி ஒற்றைக் கண்ணைத் திறந்து,
"சரியாகச் செத்தேனா?" என்கிறார்.
"இன்னொரு தடவை சாக முடியுமா, லிதியா கார்பவ்னா?"
கேமராவுக்குப் பின்னிருந்து அவன் குரல்.
அவர் சிரிக்கிறார்.

பதினோரு ஆண்டில் முதல்முறையாக
என் வீட்டு மணியை அடித்தான்.
கல்லறைக்கு ஒரு படம் கேட்கிறாராம்,
இல்லையென்றால் மகள்
பாஸ்போர்ட் படத்தை ஒட்டிவிடுவாளாம்.
கோட்டைக் கழற்றாமலே பக்கத்தில் உட்கார்ந்தான்.
நான் செத்த முகத்தில் நிறுத்தினேன்.
"இன்னும் தள்ளு," என்றான்.

போன மார்ச்சில் ஓஹ்தா மயானத்துக்கு
வேறொருவரைப் புதைக்கப் போயிருந்தேன்.
முறைத்துப் பார்க்கும் பீங்கான் முகங்களின் நடுவே
முட்டை வடிவில் ஒரு சிரிப்பு.
போன் போட்டேன். நோவசிபிர்ஸ்கில்
சமையல் நிகழ்ச்சி எடுத்துக்கொண்டிருந்தான்.
"வெளிச்சம் எந்தப் பக்கம்?"
"வலம்."
"மணி?"
"நாலே கால்."
"அப்போ அரை மணி பொறு," என்றான்.

பொறுத்தேன்.
பூட்ஸுக்குள் பனி இறங்கிக்கொண்டிருந்தது.